நுரைக்காத சவுக்காரம்

எனக்கு எழுபத்திரண்டு வயசு. ஒன்றிரண்டு கூட இருக்கலாம், குறைய இருக்காது. ஆறு பிள்ளைகளை வளர்த்தேன். நாலு நான் பெற்றது. ஒன்று என் தங்கச்சி விட்டுப் போனது. ஒன்று தானாக வந்து சோற்றுப் பானைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அப்படியே வளர்ந்துவிட்டது. ஆறும் உயிரோடு இருக்கிறது. இந்த ஏரிக்கரையில் அப்படிச் சொல்லக்கூடிய பொம்பளை எத்தனை பேர் என்று விசாரித்துப் பாருங்கள்.

எழுத்து எனக்குச் சுமாராக வரும். பெரியவனுக்கு வாத்தியார் மணலில் விரல் பிடித்து எழுதிக் காட்டினபோது நான் எதிரே உட்கார்ந்து எறா உரித்துக்கொண்டே கற்றது. எதிரே உட்கார்ந்ததால் எல்லா எழுத்தும் எனக்குத் தலைகீழாகத்தான் வந்தது. திருப்பிப் போட்டுக்கொள்ள ஒரு வருஷம் ஆனது. கற்றது கற்றதுதான். ஓலையில் கீறுகிறேன், மெதுவாக வரும், அவசரம் இல்லை.

எழுதப் போவது, பசியாவரத்தில் எங்கள் குடிசைக்கு அடுத்த குடிசையில் இருந்த ஒருத்தியைப் பற்றி. பேர் சொல்ல மாட்டேன். என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயசு மூத்தவள். முகத்துக்கு நேரே அக்கா என்போம். முதுகுக்குப் பின்னால் களிம்புக்காரி என்போம். எதற்கும் "இன்னா?" என்று திரும்புவாள்.

அவளிடம் ஒரு குணம். எதையும் கொட்ட மாட்டாள்.

எங்கள் ஊர் ஏரிக்கு நடுவில் இருக்கிற தீவு. சுற்றிலும் தண்ணீர், எல்லாம் உப்பு. மணலில் ஊற்றுத் தோண்டி, கொட்டாங்கச்சியால் மொண்டு மொண்டு குடம் நிரப்புவோம். வெயில் ஏறினால் அந்த ஊற்றும் கரிக்கும். அப்புறம் அக்கரையிலிருந்து படகில் வரவேண்டும். அதனால் நாங்கள் எல்லாருமே தண்ணீரைப் பார்த்துத்தான் செலவு பண்ணுவோம். அவள் கதை வேறு. அரிசி கழுவின தண்ணீரில் மீன் கழுவுவாள். மீன் கழுவினதைப் பூசணிக் கொடிக்கு விடுவாள். கொடிக்கு அடியில் ஒரு சட்டியைப் புதைத்து வைத்திருந்தாள், கசிந்து வருவது வீணாகக் கூடாது என்று. அந்தச் சட்டியில் வந்ததை என்ன செய்தாள் என்று நான் கேட்கவில்லை. கேட்டால் சொல்லிவிடுவாள்.

படகில் ஏறின ஏரித் தண்ணீரை இறைத்து வெளியே விடுவதைக்கூட அவளால் பார்க்க முடியாது. முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

"உப்புத் தண்ணிதானேக்கா," என்றேன் ஒருதரம்.

"உப்புன்னா உனக்கு எளப்பமா? நேத்து கொழம்புக்குப் போட்டியே, அது வானத்துலருந்து வுழுந்துச்சா?"

அவள் புருஷன் செத்த அன்றைக்கு, அவன் பாதி குடித்துவிட்டு வைத்த கஞ்சி ஒரு கலயத்தில் இருந்தது. பிணத்தை எடுத்துப் போட்டுவிட்டு எல்லாம் முடிந்து திரும்பி வந்தோம். நான் அந்தக் கலயத்தைக் கழுவப் போனேன். என் கையிலிருந்து வாங்கி, நின்றபடியே குடித்து முடித்தாள். சனங்கள் ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள். "அவரு எச்சில்தானே," என்று சொல்லிவிட்டு வாயைத் துடைத்துக்கொண்டு, அப்புறம் அழ உட்கார்ந்தாள். பிள்ளை குட்டி கிடையாது.

எங்கள் பிழைப்பு கையால் பிடிக்கிறது. இடுப்பளவு தண்ணீரில் உட்கார்ந்து, பனையோலையில் பின்னின பறிக்கூடையின் கயிற்றைப் பல்லில் கவ்விக்கொண்டு, இரண்டு கையாலும் சேற்றைத் தடவித் தடவி எறா பிடிப்போம், நண்டும் பிடிப்போம். வாய் நிறையக் கயிறு இருக்கும், ஆனாலும் பேச்சு நிற்காது. அதற்கு ஒரு பழக்கம் வேண்டும். அந்த வேலையில் என்னைப்போல் கை இந்த ஏரியில் இருந்ததில்லை, இதை நானாகச் சொல்லவில்லை, பிடிக்கிறவர்களே சொல்வார்கள். எனக்கு அடுத்தது அவள்.

ஒரு பெரிய நண்டு அவள் கட்டைவிரலைக் கவ்விக் கிழித்துவிட்டது. உப்புத் தண்ணீரிலேயே கிடக்கிற விரல், எப்படி ஆறும்? சீழ் வைத்தது. நண்டு விற்க பழவேற்காட்டுக் கோட்டை வாசலுக்குப் போனவளின் கையை, அங்கே இருந்த ஒல்லாந்தர் ரண வைத்தியன் பார்த்துவிட்டு, ஒரு துணித் துண்டில் வெள்ளையாக எதையோ தடவி விரலில் சுற்றி விட்டான். எட்டு நாள் அந்தக் கையோடு தண்ணீரில் உட்கார்ந்தாள். துணி நகரவில்லை. ஒன்பதாம் நாள் பிய்த்துப் பார்த்தால், உள்ளே புதுத் தோல்.

மறுநாள் நண்டு இல்லாமலே கோட்டை வாசலுக்குப் போய், "அது இன்னா?" என்று கேட்டாள். பதில் தெரிந்துகொள்ளப் போனவள் நாலு வருஷம் அங்கேயே அண்டா கிண்டினாள். காலையில் படகு, சாயங்காலம் படகு.

அது பிளாஸ்திரி. செய்கிற விதத்தை அவள் எனக்குச் சொன்னாள், பிற்பாடு கண்ணாலும் பார்த்தேன். மிருதார்சிங்கி என்று ஒரு பொடி உண்டு. ஈயத்தை நெருப்பில் வெகுநேரம் வாட்டி எடுப்பது. மஞ்சளுக்கும் செங்கல்லுக்கும் நடுவில் ஒரு நிறம். ஒரு பிடி அள்ளினால் கை தானாகக் கீழே போகும், அவ்வளவு கனம். அதை நல்லெண்ணெயில் போட்டு, தண்ணீரும் விட்டு, அடுப்பில் ஏற்றிக் கிண்டவேண்டும். கிண்டுவதற்கு அவள் உடைந்த துடுப்பின் பலகையை வைத்திருந்தாள், அதையும் யாரோ எறிந்திருக்க எடுத்தது. தண்ணீர் வற்ற வற்ற விட்டுக்கொண்டே இருக்கவேண்டும். வற்றிப்போனால் கருகிக் கறுத்து நாறும். செங்கல் நிறம் மெல்லச் சந்தன நிறமாகும், அப்புறம் பழைய சோறு மாதிரி வெளுக்கும். ஒரு சொட்டு எடுத்துக் குளிர்ந்த தண்ணீரில் விட்டு உருட்டினால் விரலில் ஒட்டாமல் உருளவேண்டும். அதுதான் பதம். இறக்கி, ஈரக் கையால் பிசைந்து, விரல் நீளத்துக்கு உருட்டி வைப்பார்கள். ஆறினால் கல். கைச்சூட்டில் வைத்தால் இளகும். துணியில் தடவி ஒட்டினால் தோலோடு தோல். தண்ணீரால் அதை ஒன்றும் செய்ய முடியாது.

"இதுவும் சவுக்காரந்தாண்டி," என்பாள். "எண்ணெயும் காரமும் சேந்தா துணி வெளுக்கிற சவுக்காரம். எண்ணெயும் ஈயமும் சேந்தா இது. வைத்தியரு சொன்னாரு. இது நுரைக்காது, அவ்ளோதான்."

இதை அவள் கோட்டை வண்ணானிடமும் சொல்லியிருக்கிறாள். அவன் முதல் பாதியை மட்டும் கேட்டிருக்கிறான். ஒரு அதிகாரியின் வெள்ளைச் சட்டைக் கழுத்தில் ஒரு உருளையைச் சூடு பண்ணி நன்றாகத் தேய்த்து, நுரை வரட்டும் என்று மடித்து வைத்துவிட்டுச் சோறு தின்னப் போனான். திரும்பி வந்தபோது சட்டையைப் பிரிக்க முடியவில்லை. அன்றைக்கு மடித்தது மடித்ததுதான். அதிகாரி கத்தினது ஏரி வரைக்கும் கேட்டதாம். அந்தச் சட்டையை இவள் கேட்டு வாங்கிக்கொண்டு வந்து, எங்கள் படகில் ஒழுகுகிற இடத்தில் வைத்து அடைத்தாள். மூன்று மழைக்காலம் ஒரு சொட்டு உள்ளே வரவில்லை. சட்டைப் பொத்தான் ஒன்று மட்டும் பலகைக்கு வெளியே தெரியும்.

ஊருக்கு அவளால் நல்லது நடந்தது. அதை மறைத்து எழுத மாட்டேன். கெளுத்தி முள் குத்தினாலும், சிப்பி ஓடு பாதத்தைக் கிழித்தாலும், வலைக்கயிறு உள்ளங்கையை அறுத்தாலும் அவள் வாசலுக்குத்தான் போவோம். ஒட்டிவிட்டு, "நாலு நாள் பிய்க்காத. நோண்டினேன்னா நான் வந்து உன் கைய ஒடைப்பேன்," என்பாள். கையில் காசு வாங்கமாட்டாள். பிய்த்த பழைய துணியைத் திரும்பக் கொண்டுவந்து கொடுக்கவேண்டும், அது மட்டும்தான். உருக்கி மறுபடி தடவுவாள்.

இனி அந்த நல்ல தண்ணீர்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் வைத்தியன் அவளை உட்காரவைத்து நாலு விஷயம் சொன்னான். அவன் பாஷை இவளுக்குத் தெரியாது. நடுவில் துபாசி நின்று சொன்னான். துபாசி நம்ம ஊர்க்காரன்தான், வெற்றிலை போடாமல் வாயைத் திறக்கமாட்டான்.

"அடுப்புப் புகைய மூஞ்சில வாங்காத. கை கழுவாம வாயில எதையும் வெக்காத. இந்த அண்டாவுல சோறு ஆக்காத. களிம்ப எடுத்தப்புறம் அடியில நிக்குது பாரு தண்ணி, அது நல்ல தண்ணி. கொட்டிடு."

"இன்னா தண்ணி?"

"நல்ல தண்ணி."

"நல்ல தண்ணின்னா?"

"நல்ல தண்ணின்னா நல்ல தண்ணிம்மா. உப்பு இல்லாதது."

"அத்த எதுக்குக் கொட்டணும்?"

துபாசி திரும்பிக் கேட்டான். வைத்தியன் நிறையச் சொன்னான், கையை ஆட்டி ஆட்டி, வயிற்றைத் தொட்டுக்கூடக் காட்டினானாம். துபாசி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, வெற்றிலையை ஒரு கன்னத்திலிருந்து இன்னொரு கன்னத்துக்கு மாற்றி, "கொட்டணுமாம்," என்றான்.

முதல் மூன்றையும் அவள் கடைசி வரைக்கும் விடாமல் கடைப்பிடித்தாள். அவளைப்போல் கை கழுவுகிறவளை நான் பார்த்ததில்லை. கழுவின தண்ணீரை மட்டும் பூசணிக்கு விடுவாள். நாலாவதைப் பற்றி எனக்கு அவள் சொன்னது: "நல்ல தண்ணியக் கொட்டச் சொல்றாண்டி. அவங்க ஊர்ல மழை ஜாஸ்தி போல."

அதை நாக்கில் விட்டுப் பார்த்திருக்கிறாள். தித்தித்தது. வெல்லத் தித்திப்பு இல்லை. நாக்கில் கொஞ்சம் வழவழப்பு, தொண்டையில் கொஞ்சம் வெதுவெதுப்பு. நானும் குடித்திருக்கிறேன், ஒரே ஒரு முறை. ருசி நன்றாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன்.

அன்றிலிருந்து அண்டாவின் அடித் தண்ணீரை ஒரு மண்பானையில் ஊற்றிப் படகில் ஊருக்குக் கொண்டுவந்தாள். சாயங்காலம் பிள்ளைகள் அவள் வாசலில் வரிசையாக நிற்கும். ஆளுக்கு ஒரு சிப்பி ஓட்டில் மொண்டு கொடுப்பாள். கடைசியில் தானும் ஒரு ஓடு குடிப்பாள். பானையின் அடியில் மிஞ்சினதை விரலால் வழித்து நக்குவாள். என் இரண்டாவது பெண்ணுக்கு மட்டும் இரண்டு ஓடு. அந்த வேலையின் கடைசி வருஷத்தில் அவளுக்கு இரண்டரை வயசு. பிறந்ததிலிருந்தே சோணி. "இதுக்கு ஒடம்புல ஒண்ணும் இல்லடி, கயிறு மாதிரி இருக்குது. தெம்பு வரட்டும்," என்று மடியில் உட்காரவைத்துப் புகட்டுவாள். மற்ற பிள்ளைகளுக்கு ஒன்று, என் பெண்ணுக்கு இரண்டு என்று நான் ஊற்றடியில் நாலு பேர் கேட்கச் சொல்லிக்கொண்டேன். இதையும் எழுதத்தான் வேண்டும்.

நாலாம் வருஷம் வைத்தியன் கிழக்கே போகிற கப்பலில் ஏறிப் போய்விட்டான். புதிதாக வந்தவன் தன் ஆளோடு வந்தான். இவளுக்கு வேலை இல்லை என்று ஆனது. மூலையில் அரை மூட்டை மிருதார்சிங்கி கிடந்தது, ஈரம் பட்டுக் கட்டி கட்டியாக. அதை எங்கேயாவது எறியச் சொன்னான். அவளிடம் போய் அப்படிச் சொன்னான், பாருங்கள். முதுகில் தூக்கி வைத்துக்கொண்டு படகு ஏறினாள்.

அப்புறம் வீட்டிலேயே அடுப்பு. முன்பு வாரத்துக்கு இரண்டு முறை வந்த தித்திப்புத் தண்ணீர் தினமும் வந்தது. மற்ற பிள்ளைகள் ஓடி ஆடுகிற பிள்ளைகள், ஒருநாள் வரும், நாலு நாள் மறந்துவிடும். அவர்கள் பங்கை வீணாக்குவாளா? என் பெண் பக்கத்துக் குடிசையில்தானே இருக்கிறாள்.

மாசி மாதத்தில் என் பெண்ணுக்கு வயிறு வலித்தது. முதலில் அழுதாள். அப்புறம் அழத் தெம்பில்லாமல் முழங்காலை வயிற்றோடு மடக்கிக்கொண்டு கிடந்தாள். ஐந்தாறு நாளுக்கு ஒருதரம் வெளிக்குப் போனால் பெரிசு. முகம் சுண்ணாம்பு மாதிரி ஆனது. ஓடிக்கொண்டிருந்த குழந்தை நடக்க மறுத்தது, தூக்கு என்று கையை நீட்டும், அந்தக் கையும் பாதியில் இறங்கிவிடும். விளக்கெண்ணெய் கொடுத்தேன். வசம்பு சுட்டுப் போட்டேன். அக்கரைக் கோயிலில் திருநீறு வாங்கி வந்தேன். கண்ணேறு என்றாள் ஒருத்தி, கட்டி என்றாள் ஒருத்தி. சோறு இறங்கவில்லை, கஞ்சி இறங்கவில்லை. தித்திப்புத் தண்ணீர் மட்டும் இறங்கியது.

"பாத்தியா, இத்த மட்டும் குடிக்குது," என்று களிம்புக்காரி மூன்றாவது ஓடும் மொண்டாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். நீ இல்லையென்றால் இந்தப் பிள்ளை என்ன ஆகியிருக்கும் என்று சொன்னேன். என் வாயாலேயே சொன்னேன்.

அவள் கையும் அப்போது சரியாக இல்லை. வலது மணிக்கட்டு மடிந்து தொங்கியது, இடதும் தளர ஆரம்பித்திருந்தது. விரலை மூட முடியும், கையை நிமிர்த்த முடியாது. வாயு என்று சொல்லி, தன் பிளாஸ்திரியையே மணிக்கட்டைச் சுற்றி ஒட்டிக்கொண்டாள். தண்ணீரில் உட்கார்ந்தால் நான் ஒரு பறி நிறைக்கிறதற்குள் அவளுக்கு நாலு எறாகூடச் சேராது.

"எறா வந்து என் கைய மோந்து பாத்துட்டுப் போவுதுடி," என்பாள். "பயமே இல்ல. வூட்டு மாப்பிள்ளைங்க மாதிரி போவுது."

ஒருநாள் அப்படித்தான் ஆறேழு பேர் வரிசையாகத் தண்ணீரில் உட்கார்ந்திருந்தோம். காலையிலேயே என் பெண்ணுக்கு விளக்கெண்ணெய் புகட்ட வாயைப் பிளந்தபோது, ஈறு ஓரமாகக் கறுப்பாக ஒரு கோடு பார்த்திருந்தேன். நாவல்பழம் தின்றிருக்கும் என்று நினைத்துக்கொண்டு வந்துவிட்டேன். தண்ணீரில் இறங்கி உட்கார்ந்த பிறகுதான், இது நாவல்பழக் காலம் இல்லையே என்று உறைத்தது. அதை யோசித்துக்கொண்டிருக்கும்போது யாரோ ஒருத்தி தன் மாமியார் தூங்குகிற லட்சணத்தைச் சொன்னாள். எல்லாரும் சிரித்தோம். களிம்புக்காரியும் சிரித்தாள், கயிறு பல்லிலிருந்து நழுவியது. பல்லுக்கு மேலே, ஈறு ஓரம் முழுக்க, மை வைத்துக் கோடு இழுத்த மாதிரி அதே கறுப்பு.

நான் எழுந்து நின்றேன். பக்கத்தில் இருந்தவளிடம், "வாயத் தொற," என்றேன்.

"எதுக்குடி?"

"தொறன்னா தொற."

அவள் ஈறு சிவப்பு. அடுத்தவளுக்கும் சிவப்பு. தண்ணீரில் இருந்த எல்லார் வாயையும் பார்த்தேன். கரை ஏறி, விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளை ஒவ்வொன்றாகப் பிடித்து வாயைப் பிளந்தேன். பிள்ளைகளை விற்கப் பார்க்கிற மாதிரி இருந்தது என்று பிறகு சொல்லிச் சிரித்தார்கள். அடிக்கடி தித்திப்புத் தண்ணீர் குடிக்க வருகிற இரண்டு பிள்ளைகளுக்கு லேசாகக் கோடு இருந்தது. வராத பிள்ளைகளுக்கு இல்லை.

பறியை அப்படியே போட்டுவிட்டு, படகைத் தள்ளிக்கொண்டு அக்கரை போனேன். துபாசி வீட்டு வாசலில் நின்றேன். வெளியே வந்தான்.

"அந்தக் களிம்பு அடித் தண்ணிய எதுக்கு நைனா கொட்டச் சொன்னாரு, வைத்தியரு?"

"எந்தக் காலத்துக் கதை இது? இப்ப வந்து கேக்கிறியே."

"எம் பொண்ணு சாவக் கெடக்குது."

வெற்றிலையைத் துப்பினான். யோசித்தான். "தித்திக்குது, அதனால சனங்க ஏமாந்து குடிச்சிடுவாங்க, அதுல ஈயம் கரைஞ்சிருக்கும், வயித்தப் புடிக்கும், கை கால் வுழுந்துடும்னு சொன்னாரு."

"நீ நல்ல தண்ணின்னு சொன்னியாம்?"

"அவங்க பாஷைல உப்பில்லாத தண்ணிக்கும் தித்திக்கிற தண்ணிக்கும் ஒரே வார்த்தைதாம்மா. நான் நல்ல தண்ணின்னு எடுத்துகினேன்."

"ஈயம்னு சொன்னத ஏன் சொல்லல?"

"கொட்டிடுன்னு சொன்னேனே. கொட்டினப்புறம் அதுல இன்னா இருந்தா இன்னா?"

அவன் சொன்னதும் நியாயந்தான். அவனுக்கு எங்கள் பக்கத்துக் குடிசைக்காரியைத் தெரியாது.

ஊர் திரும்பினபோது பொழுது சாயவில்லை. அவள் அன்றைய அண்டாவை இறக்கி, களிம்பை எடுத்துவிட்டு, அடித் தண்ணீரைப் பானையில் ஊற்றி முடித்திருந்தாள். சிப்பி ஓடு பக்கத்தில் இருந்தது. என் பெண்ணை அவளே போய்த் தூக்கிக்கொண்டு வந்து வாசலில் பாய் போட்டுப் படுக்கவைத்திருந்தாள்.

"அக்கா, அத்தக் கொட்டு."

"எத்த?"

"அந்தத் தண்ணிய."

"இன்னாடி ஆச்சு உனக்கு? அது ஒண்ணுதான் அதுக்கு எறங்குது."

"அதுல ஈயம் கரைஞ்சிருக்குதாம்க்கா. துபாசி சொல்றாரு."

"அவந்தானே நல்ல தண்ணின்னு சொன்னான்?"

"அது தப்பா சொல்லிட்டானாம்."

"அப்ப தப்பா சொன்னவன், இப்ப மட்டும் சரியா சொல்றானா?"

குனிந்து என் பெண்ணின் உதட்டைத் தூக்கிக் காட்டினேன். "இத்தப் பாரு. இப்ப உன் வாயப் பாரு."

அவள் வீட்டில் கண்ணாடி கிடையாது. பானைக்குள் குனிந்து, தண்ணீரில் முகத்தைப் பார்த்து, தொங்குகிற கையின் பின்புறத்தால் உதட்டைத் தூக்கினாள். வெகுநேரம் பார்த்தாள். அப்புறம் என் பெண்ணின் வாயை மறுபடி பார்த்தாள். மணிக்கட்டைப் பார்த்தாள். புத்தி உள்ளவள்.

"சரி," என்றாள். "புள்ளைக்கு ஆவாது. இனிமே குடுக்கல."

"கொட்டிடு."

"எதுக்குக் கொட்டணும்? நான் குடிச்சிடறேன். எனக்கு இன்னா, புள்ளையா குட்டியா?"

விளையாட்டுக்குச் சொல்லவில்லை. சட்டியில் மிஞ்சின குழம்பை யார் தலையில் கட்டுவது என்கிற மாதிரிதான் சொன்னாள். சொல்லிவிட்டு, பானையை இரண்டு கையாலும் அணைத்துத் தூக்கினாள். பெரிய பானை, முக்கால் பானைத் தண்ணீர்.

"அக்கா, குடிச்சேன்னா எம் பொண்ண உன் வாசலுக்கு அனுப்ப மாட்டேன். நானும் வரமாட்டேன். நீ செத்தாலும் வரமாட்டேன்."

"மூணு குடம் நல்ல தண்ணி வத்தினதுடி இது. நெருப்புல நின்னு காய்ச்சினது. மண்ணுல ஊத்தச் சொல்றியே, உனக்கு மனசு வருதா?"

"வருது."

பானையை வாய் உயரத்துக்குக் கொண்டுவந்தாள். பாயில் கிடந்த என் பெண், தனக்குத்தான் என்று நினைத்து வாயைத் திறந்தது. அவள் அதைப் பார்த்தாள். பானை கீழே போய்விட்டது.

ஓடுகள் சிதறின. தண்ணீர் கொஞ்சநேரம் மணல்மேல் நின்றது, அப்புறம் இல்லை. அவள் மண்டியிட்டு, ஒரு ஓட்டை எடுத்து, ஈர மணலை வழிக்கப் பார்த்தாள். கை மடிந்து மடிந்து போனது. நாலைந்து தடவை பார்த்துவிட்டு, ஓட்டைப் போட்டுவிட்டு உட்கார்ந்துவிட்டாள். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"நான் கொட்டல," என்றாள்.

"இல்லக்கா."

"கை வுட்டுடுச்சு."

"ஆமாக்கா."

என் பெண் ஆடி மாதத்தில் மறுபடி நடந்தாள். அதற்குள் நான் நரைத்துப்போனேன், அப்போது எனக்கு இருபத்தேழு வயசு. மிச்சமிருந்த மிருதார்சிங்கியை நான் எடுத்துக்கொண்டேன். எங்கே என்று கேட்டாள், பத்திரமாக இருக்கிறது என்றேன். பத்திரமாகத்தான் இருக்கிறது, ஆள் ஆழத்துக்குக் கீழே. இடம் எழுத மாட்டேன், பிள்ளைகள் தோண்டும்.

அவள் அப்புறம் பதினெட்டு வருஷம் இருந்தாள். இடது கை சரியானது. வலது கை பாதி நிமிர்ந்தது, அதோடு நின்றது. எறா பிடிக்க முடியாது என்று ஆனதும், எங்கள் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டாள், நாங்கள் சோறு போட்டோம். என் பெண்ணுக்குத் தலை வாரி விடுவாள், அந்த அரைக் கையால். உச்சி கோணலாகத்தான் வரும். கல்யாணத்தன்றும் கோணல் உச்சியோடுதான் போய் மணையில் உட்கார்ந்தாள் என் பெண், வேறு யாரையும் தொடவிடவில்லை.

இப்போது அவளைப் பற்றி ஊரில் இரண்டு விதமாகப் பேசுகிறார்கள். ஒரு கூட்டம், பிள்ளைகளுக்கு விஷம் வைத்தவள் என்கிறது. அது பொய். விஷம் வைக்கிறவள் கடைசி ஓட்டைத் தான் குடிக்கமாட்டாள். இன்னொரு கூட்டம், தப்பை உணர்ந்து பானையைப் போட்டு உடைத்தாள் என்று மெச்சிப் பேசுகிறது. அது அவள் காதில் விழுந்திருந்தால் அதைவிடக் கோபம் வந்திருக்கும். யார் கேட்டாலும், சாகப்போகிறபோது நான் கேட்டபோதும், ஒரே பதில்தான் சொன்னாள். கை விட்டுவிட்டது.

என் பெண் வாயைத் திறந்தது முதலா, அந்தக் கை மடிந்தது முதலா என்று பக்கத்தில் நின்ற எனக்குத் தெரியும். அவள் சொன்னதையே நான் எழுதிவிட்டேன்.

அடியே பேத்தி, வா இங்கே. விளையாடினது போதும். உங்கம்மா, அந்தக் கோணல் உச்சிக்காரி, கரை ஏறி வந்துவிட்டாள், அவளும் உட்காரட்டும். முதல் ஓலையிலிருந்து உரக்கப் படி, எழுத்தை விழுங்காமல் படி. கொட்டினாள் என்று எங்கேயாவது உன் வாயில் வந்தால் அங்கேயே நிறுத்து. நான் அப்படி எழுதவே இல்லை.